மகள் மின்னணுவியல் கேட்கிறாள்: ஒரு தாயின் கடிதத்துக்குப் பதில்

அன்புள்ள அம்மா அவர்களுக்கு,

வணக்கம். சென்ற சனிக்கிழமை நீங்களும் உங்கள் மகளும் என் அலுவலகத்துக்கு வந்து சென்ற பிறகு நீங்கள் எழுதிய கடிதம் கிடைத்தது. மகளை வைத்துக்கொண்டு கேட்கத் தயங்கிய இரண்டு கேள்விகளை அதில் கேட்டிருக்கிறீர்கள். அரசுப் பள்ளி மாணவர்களுக்கான 7.5 விழுக்காடு ஒதுக்கீட்டில் நல்ல கல்லூரியிலேயே கணினி அறிவியல் கிடைக்கக்கூடிய கட்-ஆஃப் இருக்கும்போது, ஒரு பெண் பிள்ளை எதற்காக மின்னணுவியலையும் அதிலும் குறிப்பாகச் சிப் வடிவமைப்பையும் பிடிவாதமாகக் கேட்க வேண்டும் என்பது முதல் கேள்வி. பெங்களூருவில் மென்பொருள் நிறுவனத்தில் மேலாளராக இருக்கும் அவளுடைய பெரியப்பா சொல்வதைப் போல, தொழில்நுட்ப வேலையிலேயே தங்கிவிடுகிறவர்கள் மேலே வருவதில்லை, சீக்கிரம் எம்.பி.ஏ. முடித்து நிர்வாகப் பக்கம் போய்விடுவதுதான் பெண்ணுக்கு நல்லது என்பது உண்மையா என்பது இரண்டாவது.

இரண்டுக்கும் ஒரே பெண்ணின் பணி வாழ்க்கையை வைத்துப் பதில் சொல்ல விரும்புகிறேன். அமெரிக்காவின் ஏ.எம்.டி. சிப் நிறுவனத்தின் தலைமைச் செயல் அதிகாரி லிசா சுவைத்தான் சொல்கிறேன். அவர் பெற்ற புகழுக்காக அவரைத் தேர்ந்தெடுக்கவில்லை. நீங்கள் பயப்படும் பாதையில்தான் அவர் படி தவறாமல் நடந்திருக்கிறார். எந்தப் படியில் என்ன செய்தார் என்பதும் பொதுவெளியில் தெளிவாகப் பதிவாகியிருக்கிறது.

லிசா சு 1969ஆம் ஆண்டு தைவானின் தைனான் நகரில் பிறந்தவர். சிறு குழந்தையாக இருந்தபோதே குடும்பம் அமெரிக்காவுக்குக் குடிபெயர்ந்து நியூயார்க்கில் தங்கியது. தந்தை புள்ளியியலாளர்; ஏழு வயது மகளை உட்கார வைத்து வாய்ப்பாடு கேட்பார். தாய் கணக்காளராக இருந்து பின்னர் சொந்தமாகத் தொழில் தொடங்கியவர். பத்து வயது வாக்கில் தம்பியின் ரிமோட் கார் ஓடாமல் போனபோது அதைப் பிரித்துப் பார்த்துச் சரிசெய்ததை லிசா சு பல நேர்காணல்களில் நினைவுகூர்ந்திருக்கிறார். எங்கே இணைப்பு விட்டிருக்கிறது என்று தேடிக் கண்டுபிடித்து, மறுபடியும் கார் ஓடியதைப் பார்த்த மகிழ்ச்சிதான் பொறியியலின் பக்கம் தம்மைத் திருப்பியது என்பது அவர் சொல்வது.

இதைப் படிக்கும்போது, சனிக்கிழமை நீங்கள் போகிற போக்கில் சொன்ன ஒரு செய்தி உங்களுக்கு நினைவுக்கு வர வேண்டும் என்று விரும்புகிறேன். வீட்டு ஸ்டெபிலைசர் நாள் முழுவதும் டிக் டிக் என்று அடித்துக்கொண்டே இருந்ததையும், எலக்ட்ரீஷியன் அண்ணனைப் பக்கத்தில் நிற்க வைத்துக்கொண்டு, பிளக்கைப் பிடுங்கிவிட்டு உங்கள் மகள் அதைத் திறந்ததையும், உள்ளே ரிலேயின் முனை கருகியிருப்பதைக் கண்டுபிடித்து மாற்ற வைத்ததையும் "இந்த மாதிரி வேலையெல்லாம் பார்ப்பாள் சார்" என்று குறையாகச் சொன்னீர்கள். நான் அதைக் குறையாகக் கேட்கவில்லை. மதிப்பெண் பட்டியலைவிட அந்தச் செய்திதான் எனக்கு அவளைப் பற்றி அதிகம் சொன்னது.

லிசா சு 1986இல் பிராங்க்ஸ் அறிவியல் உயர்நிலைப் பள்ளியில் படிப்பை முடித்து, அமெரிக்காவின் மாசசூசெட்ஸ் தொழில்நுட்பக் கழகமான எம்.ஐ.டி.யில் சேர்ந்தார். மின் பொறியியலைத் தேர்ந்தெடுத்ததற்கு, இருப்பதிலேயே அதுதான் மிகக் கடினமான படிப்பாகத் தோன்றியது என்பதைக் காரணமாகச் சொல்கிறார். இளநிலை மாணவர்களை ஆய்வுக்கூடத்துக்குள் அனுமதிக்கும் திட்டம் ஒன்று அங்கே உண்டு. அதன் வழியாக முதலாண்டிலேயே முனைவர் பட்ட மாணவர்களுக்கு, சிப்புகளுக்கு அடித்தளமாகும் மெல்லிய சிலிக்கான் வில்லைகள் தயாரித்துக் கொடுக்கும் வேலையைப் பெற்றார். ஆர்வம் அங்கே பிடித்துக்கொண்டது. 1990இல் இளநிலை, 1991இல் முதுநிலை, 1994இல் முனைவர் பட்டம் என்று மூன்றையும் அதே துறையில் முடித்தபோது அவருக்கு 24 வயது. அவருடைய முனைவர் பட்ட ஆய்வு, மின்காப்புப் படலம் ஒன்றின் மேல் மெல்லிய சிலிக்கான் அடுக்கை அமைத்து அதில் மிகச் சிறிய டிரான்சிஸ்டர்களை, அதாவது சிப்புக்குள் மின்சாரத்தை விடவும் நிறுத்தவும் செய்யும் நுண் சுவிட்சுகளை, உருவாக்குவதைப் பற்றியது. அவர் எம்.பி.ஏ. படிக்கவே இல்லை என்பதைப் பெரியப்பாவிடம் தயங்காமல் சொல்லலாம்.

டெக்சஸ் இன்ஸ்ட்ருமென்ட்ஸ் நிறுவனத்தில் சில மாதங்கள் பணியாற்றிவிட்டு 1995இல் ஐ.பி.எம்.மின் ஆய்வுப் பிரிவுக்கு வந்தார். அங்கே அவர் செய்த வேலையைச் சற்று விரிவாகச் சொல்ல வேண்டும். உங்கள் மகள் கேட்கும் துறையில் நடப்பது என்ன என்று தெரியாததால்தான் உங்கள் பயம் பெரிதாகிறது என்று நினைக்கிறேன். சிப்புக்குள் இருக்கும் டிரான்சிஸ்டர்களை ஒன்றோடொன்று இணைக்கும் நுண்ணிய கம்பிகளை அதுவரை அலுமினியத்தால்தான் செய்துவந்தார்கள். செம்பு அலுமினியத்தைவிட நன்றாக மின்சாரத்தைக் கடத்தும் என்பது எல்லோருக்கும் தெரியும். ஆனால் செம்பின் அணுக்கள் சிலிக்கானுக்குள் ஊடுருவி டிரான்சிஸ்டரையே கெடுத்துவிடும் என்பதால் அதை யாரும் கொண்டுவர முடியவில்லை. நம் வீட்டுச் செம்புப் பாத்திரத்தில் ஈயம் பூசாமல் புளிக்குழம்பு வைத்தால் களிம்பு ஏறிக் குழம்பு கெட்டுப்போவதை நீங்கள் அறிவீர்கள். ஈயப் பூச்சு செம்பையும் குழம்பையும் பிரித்து வைக்கிறது. சிப்புக்குள்ளும் செம்புக்கும் சிலிக்கானுக்கும் நடுவே அப்படி ஒரு தடுப்புப் படலம் தேவைப்பட்டது; கண்ணுக்குத் தெரியாத அளவில், லட்சக்கணக்கான இடங்களில், ஓரிடத்திலும் பிசகாமல் அது அமைய வேண்டும். பலர் பல ஆண்டுகள் உழைத்த அந்த முயற்சியில், செம்பின் மாசு சிலிக்கானைத் தீண்டாமல் காக்கும் பணியில் லிசா சுவுக்கு முக்கியப் பங்கு இருந்தது. ஐ.பி.எம். 1997இல் அதை அறிவித்து, 1998இல் செம்புக் கம்பி சிப்புகளைச் சந்தைக்குக் கொண்டுவந்தது. உலகெங்கும் மற்ற நிறுவனங்களும் அதே வழிக்கு மாறின.

இந்த இடத்தில், பெரியப்பா கணக்கின்படி, அவர் தொழில்நுட்ப வேலையில் "மாட்டிக்கொண்ட" நிலையில்தான் இருக்கிறார். ஆனால் 2000ஆம் ஆண்டில் ஐ.பி.எம்.மின் தலைமைச் செயல் அதிகாரியாக இருந்த லூ கெர்ஸ்ட்னர், ஓராண்டுக்கு அவரைத் தம்முடைய தொழில்நுட்ப உதவியாளராக அமர்த்திக்கொண்டார். முனைவர் பட்டம் பெற்று, ஆய்வில் பெயர் எடுத்தவர், ஒருவருக்கு உதவியாளராகப் போவதா என்று நம் ஊரில் எந்தக் குடும்பமும் கேட்கும். என்னிடம் ஆலோசனைக்கு வந்த ஒரு பெண்ணுக்கு, ஒரு பெரிய நிறுவனத்தின் தலைமை அதிகாரியின் அலுவலகத்தில் இத்தகைய பணி சில ஆண்டுகளுக்கு முன் கிடைத்தது, "இஞ்சினியரிங் படித்துவிட்டு பெர்சனல் அசிஸ்டென்ட் வேலையா" என்று வீட்டார் தடுத்துவிட்டார்கள். அவள் என்னைக் கலந்து பேச வந்தபோது அந்த வாய்ப்பு வேறொருவருக்குப் போயிருந்தது. அந்தக் குடும்பத்தை அதற்கு முன்பே ஒருமுறை அழைத்துப் பேசியிருக்கலாமே என்று இன்றும் வருந்துகிறேன்.

அந்த ஓராண்டில் கிடைப்பது வேறு எந்த வகுப்பறையிலும் கிடைக்காது. பல லட்சம் பேர் வேலை செய்யும் நிறுவனத்தில் பணம் எந்தப் பிரிவுக்கு எதற்காகப் போகிறது, வாடிக்கையாளர் கோபப்பட்டால் தலைவர் என்ன பதில் சொல்கிறார், ஆய்வுக்கூடத்தில் எல்லோரும் கொண்டாடும் ஒரு பொருளை நிர்வாகக் குழு ஏன் ஐந்தே நிமிடத்தில் ஒதுக்கிவிடுகிறது என்பதையெல்லாம் அந்த அறையில் உட்கார்ந்திருப்பவர்தான் பார்க்க முடியும். இது லிசா சு ஒருவருக்கு மட்டும் அமைந்த வாய்ப்பும் அல்ல. நியூயார்க்கில் அரசுக் குடியிருப்பில், தனியொருத்தியாகப் பிள்ளைகளை ஆளாக்கிய தாயிடம் வளர்ந்த அர்சுலா பர்ன்ஸ், இயந்திரப் பொறியியல் படித்து 1980இல் ஜெராக்ஸ் நிறுவனத்தில் கோடைக்காலப் பயிற்சியாளராகச் சேர்ந்தார். பத்தாண்டுகள் பொறியாளராக வேலை பார்த்த பிறகு 1990இல் ஒரு மூத்த அதிகாரிக்கும், 1991இல் நிறுவனத் தலைவருக்கும் உதவியாளராக அமர்ந்தார். 2009இல் அதே நிறுவனத்தின் தலைமைச் செயல் அதிகாரியானார். இருவரிடமும் வரிசை ஒன்றேதான்: முதலில் பல ஆண்டு கைவேலை, பிறகு தலைவரின் அருகே ஒரு நாற்காலி. வரிசையை மாற்றி, கைவேலை தெரியாமல் அந்த நாற்காலிக்குப் போகிறவருக்கு அங்கே பேசப்படுவதில் பாதி விளங்காது.

கெர்ஸ்ட்னரிடமிருந்து வந்த பிறகு லிசா சுவிடம் புதிய பொருள்களுக்கான பிரிவு ஒன்று ஒப்படைக்கப்பட்டது. தொடங்கிய நாளில் அந்தப் பிரிவில் தம்மைத் தவிர வேறு ஆளே இல்லை என்று அவரே பின்னாளில் சொல்லியிருக்கிறார். 2007இல் ஃப்ரீஸ்கேல் என்ற சிப் நிறுவனத்துக்குத் தலைமைத் தொழில்நுட்ப அதிகாரியாகச் சென்றார்; அதன் பின்னர் அங்கேயே வலையமைப்புச் சிப்புகளின் வணிகப் பிரிவை நடத்தினார். முதல் பதவி அலங்காரமாகத் தெரிகிறது, இரண்டாவது சாதாரணமாகத் தெரிகிறது. என் கணிப்பில் இரண்டாவதுதான் அவரைத் தலைமைக்குத் தகுதியாக்கியது, ஏனென்றால் அங்கேதான் லாப நட்டக் கணக்கு அவர் பெயரில் எழுதப்பட்டது. நிறுவனங்களில் பெண்களைப் பெரும்பாலும் மனிதவளம், பயிற்சி, மக்கள் தொடர்பு போன்ற பொறுப்புகளுக்கு அனுப்பிவிடுகிறார்கள். அவை மதிப்பான வேலைகளே ஆனாலும், தலைமைப் பதவிக்கு ஆள் தேடும்போது வரவு செலவுக்குப் பதில் சொன்னவர் யார் என்றுதான் இயக்குநர் குழு பார்க்கிறது. உங்கள் மகளுக்கு 30 வயதைத் தாண்டும்போது இந்த அறிவுரை தேவைப்படும். அப்போது நான் பக்கத்தில் இருப்பேனோ என்னவோ, இப்போதே எழுதி வைக்கிறேன்.

2012 ஜனவரியில் ஏ.எம்.டி.யில் சேர்ந்தார். 2014 அக்டோபரில், 44ஆம் வயதில், அதன் தலைமைச் செயல் அதிகாரியானார். அப்போது அந்த நிறுவனம் கடனில் இருந்தது. பங்கு விலை 3 டாலர் அளவில் கிடந்தது. டெக்சஸில் இருந்த சொந்த வளாகத்தையே முந்தைய ஆண்டில் விற்றுவிட்டு வாடகைக்கு இருந்தது. பொறுப்பேற்ற சில நாள்களில் ஊழியர்களில் 7 விழுக்காட்டினரைக் குறைக்கப்போவதாக அறிவிக்க வேண்டியிருந்தது. அடுத்த ஆண்டும் விடியவில்லை: அவர் முழுமையாகத் தலைமை வகித்த முதல் ஆண்டான 2015இல் வருவாய் சுமார் 400 கோடி டாலராகச் சரிந்து, 66 கோடி டாலர் நட்டம் வந்தது. சிப் தொழிலில் ஒரு புதிய வடிவமைப்பு காகிதத்திலிருந்து கடைக்கு வர நான்கைந்து ஆண்டுகள் ஆகும். ஜென் என்னும் புதிய வடிவமைப்பின் மீது நம்பிக்கை வைத்து, கவனத்தைச் சிதறடிக்கும் மற்ற முயற்சிகளைச் சுருக்கிக்கொண்டு, அது வரும்வரை தாக்குப்பிடிப்பதுதான் அவர் செய்த காரியம். 2017இல் ரைசன், எபிக் என்ற பெயர்களில் அந்தச் சிப்புகள் வெளிவந்தன. 2024இல் நிறுவனத்தின் ஆண்டு வருவாய் சுமார் 2,580 கோடி டாலர்.

மூன்று ஆண்டுகள் நட்டக் கணக்கைக் கையில் வைத்துக்கொண்டு, "பொருள் நன்றாக வரும், பொறுங்கள்" என்று முதலீட்டாளர்களிடம் எப்படிச் சொல்ல முடிந்தது? வடிவமைப்பாளர்கள் காட்டிய வரைபடத்தைத் தாமே படித்து எடைபோடத் தெரிந்ததால்தான் என்று நம்புகிறேன். டிரான்சிஸ்டர்களைக் கையால் செய்து பார்த்தவர் அவர். இன்னொருவர் எழுதிக் கொடுத்த சுருக்க அறிக்கையை நம்பி அவர் அந்த வாக்குறுதியைத் தர வேண்டியிருக்கவில்லை. உங்கள் இரண்டாவது கேள்விக்கு என் பதில் இதுதான், அம்மா. பாடத்தை விட்டு விலகியதால் அவர் மேலே வரவில்லை. மேலே வந்த பிறகும் பாடம்தான் அவரைத் தாங்கியது.

இதை வைத்து, மின்னணுவியல் எடுத்தால் எல்லோரும் தலைமைச் செயல் அதிகாரி ஆகிவிடலாம் என்று நான் சொல்வதாக நினைத்துவிடாதீர்கள். அவருக்கு வீட்டில் கணக்குச் சொல்லிக்கொடுக்கத் தந்தை இருந்தார். முதலாண்டு மாணவியை நம்பித் திறந்துவிட்ட ஆய்வுக்கூடம் இருந்தது. உங்கள் வீட்டில் முதல் தலைமுறைப் பட்டதாரியாக ஆகப்போகிறவள் உங்கள் மகள். அவளுக்கு இல்லாததை நாம் திட்டமிட்டுத் தேடித் தர வேண்டும். கணினி அறிவியல் தவறான படிப்பும் அல்ல. அவள் அதை விரும்பியிருந்தால் முதல் ஆளாக நானே சேர்த்துவிடச் சொல்லியிருப்பேன். விருப்பமில்லாத பாடத்தில் நான்கு ஆண்டுகள் அரைமனதோடு இருந்துவிட்டு வரும் பிள்ளைகளை நான் நிறையப் பார்த்துவிட்டேன்.

இனி நடைமுறைக்கு வருகிறேன். சிப் வேலை என்றதும் பெரிய தொழிற்சாலை, இரவுப் பணி, ரசாயனம் என்று எழுதியிருக்கிறீர்கள். சிப் உற்பத்தி செய்யும் இடங்களில் அவை உண்டு. ஆனால் இந்தியாவில் இத்துறையின் வேலைகளில் மிகப் பெரும்பாலானவை வடிவமைப்பும் அதைச் சரிபார்க்கும் வெரிஃபிகேஷனும் ஆகும். கணினி முன் உட்கார்ந்து செய்யும் வேலைகள் அவை. பெங்களூரு, ஹைதராபாத், சென்னை ஆகிய நகரங்களில் அவற்றுக்கான அலுவலகங்கள் இருக்கின்றன. ஏ.எம்.டி.யே 2023இல், ஐந்தாண்டுகளில் 40 கோடி டாலர் முதலீடு செய்வதாக அறிவித்து, பெங்களூருவில் ஒரு பெரிய வடிவமைப்பு வளாகத்தைத் திறந்திருக்கிறது. இத்துறைக்கு 85,000 பொறியாளர்களைத் தயார்படுத்த மத்திய அரசு சிப்ஸ் டு ஸ்டார்ட்-அப் என்ற திட்டத்தை நடத்துகிறது. அதில் நூற்றுக்கும் மேற்பட்ட கல்வி நிறுவனங்கள் பங்கேற்கின்றன. நீங்கள் எண்ணும் கல்லூரி அவற்றுள் ஒன்றா என்று சேருவதற்கு முன்பே கேளுங்கள். அப்படியிருந்தால், தொழில்முறை வடிவமைப்பு மென்பொருள்கள் மாணவர் கைக்கு எட்டும். தனி மனிதர் வாங்கக்கூடிய விலையில் அவை கிடையாது.

இளநிலையில் சிப் வடிவமைப்பு என்றே பெயர் சூட்டிய புதிய படிப்புகளைவிட, மின்னணு மற்றும் தகவல் தொடர்பியல் என்ற பழைய, அகலமான படிப்பையே நான் பரிந்துரைப்பேன். 17 வயதில் கதவுகளைக் குறைத்துக்கொள்ள வேண்டாம். மூன்றாம் ஆண்டிலிருந்து கேட் தேர்வுக்கு அவள் தயாராகட்டும். நல்ல மதிப்பெண் வந்தால் ஐ.ஐ.டி.யிலோ என்.ஐ.டி.யிலோ நுண்மின்னணுவியலில் எம்.டெக். படிக்கலாம், மாதம் ₹12,400 உதவித்தொகையும் கிடைக்கும். முனைவர் பட்டம் வரை அவள் போக விரும்பினால், "இன்னும் எத்தனை வருடம் நாங்கள் செலவு செய்வது" என்று நீங்கள் கேட்க வேண்டியதில்லை. மத்திய அரசின் ஆய்வு உதவித்தொகை முதல் இரண்டு ஆண்டுகளுக்கு மாதம் ₹37,000 என்ற அளவில் இருக்கிறது. இப்போதைக்கு, 7.5 விழுக்காடு ஒதுக்கீட்டில் சேர்ந்தால் கல்விக் கட்டணத்தையும் விடுதிக் கட்டணத்தையும் மாநில அரசே ஏற்கிறது. புதுமைப் பெண் திட்டத்தில் மாதம் ₹1,000 அவள் வங்கிக் கணக்குக்கு வரும். அந்த ஆயிரத்தை வீட்டுச் செலவில் சேர்க்காமல் அவளுக்கே விட்டுவிடுங்கள். சால்டரிங் அயர்ன், பிரெட்போர்டு, சில உதிரிப் பாகங்கள் என்று அவளுடைய சொந்த ஆய்வுக்கூடம் விடுதி அறையின் ஒரு மூலையில் உருவாகட்டும்.

கல்யாணத்தைப் பற்றிக் கடைசிப் பத்தியில் தயங்கித் தயங்கி எழுதியிருக்கிறீர்கள். அந்தக் கவலை நியாயமானது, அதை நான் தள்ளிவிட மாட்டேன். குழந்தை பிறக்கும் ஆண்டுகளில்தான் பல திறமையான பெண்கள் வேலையை விட்டு வெளியேறுகிறார்கள், திரும்ப வருவது கடினமாகிறது. சட்டம் 26 வாரச் சம்பளத்துடன் கூடிய மகப்பேறு விடுப்பை உறுதி செய்கிறது. 50 பேரோ அதற்கு மேலோ பணிபுரியும் நிறுவனத்தில் குழந்தைகள் காப்பகம் இருக்க வேண்டும் என்கிறது. சட்டத்தால் அவ்வளவுதான் முடியும். அதற்கு மேல், அந்த மூன்று நான்கு ஆண்டுகளில் பேரக் குழந்தையைப் பார்த்துக்கொள்ள நீங்கள் இருப்பீர்களா, மாப்பிள்ளை பார்க்கும்போது இவள் வேலையைத் தொடர்வாள் என்பதை முதல் பேச்சிலேயே சொல்வீர்களா என்பதுதான் முடிவு செய்யும். கைப்பட ஆழமாகக் கற்ற தொழில் இருக்கும் பெண்ணுக்கு, இடைவெளி விட்டாலும் திரும்பி நுழைய ஒரு வாசல் இருக்கும் என்பது என் அனுபவம்.

தனியார் பயிற்சி மையங்கள் சிலவற்றைப் பற்றி ஓர் எச்சரிக்கையும் உண்டு. ஆறு மாத வெரிஃபிகேஷன் பயிற்சி, வேலை உறுதி என்று பெருந்தொகை கேட்பவர்களிடம் முதலாண்டிலேயே பணம் கட்டிவிடாதீர்கள். டிஜிட்டல் மின்னணுவியலும் சுற்றுக் கோட்பாடும் கல்லூரியில் ஒழுங்காகப் படித்து முடித்த பிறகு, தேவையென்றால் நான்காம் ஆண்டில் யோசிக்கலாம்.

பொறியியல் கலந்தாய்வில் கல்லூரிகளின் விருப்பப் பட்டியலைப் பதிவு செய்யும்போது வரிசைதான் முக்கியம். எத்தனை கல்லூரிகளை வேண்டுமானாலும் சேர்க்கலாம். அதற்கு முன், பட்டியலின் முதல் நான்கு கல்லூரிகளுக்கும் அவளை அழைத்துக்கொண்டு ஒரு வேலை நாளில் போய், மின்னணுவியல் துறையின் ஆய்வுக்கூடம் எத்தனை மணிக்குப் பூட்டப்படும் என்று அங்கே படிக்கும் மாணவிகளிடமே கேளுங்கள். மாணவர்களுக்கு ஒரு நேரம், மாணவிகளுக்கு வேறொரு நேரம் என்றால் அந்தக் கல்லூரியைக் கீழே இறக்கிவிடுங்கள். பார்த்து வந்ததை எழுதிக்கொண்டு வரும் சனிக்கிழமை காலை 10 மணிக்கு வாருங்கள். பெரியப்பாவால் வர முடிந்தால் அவரையும் அழைத்து வாருங்கள், வரிசையை நால்வரும் உட்கார்ந்து போடலாம்.

அன்புடன்,
உங்கள் கல்வி ஆலோசகர்